ஒன்றேகால் நாழிகைக்கு ரசீது தரும் கடை

மலேசியாவின் கீழ்ப்பேராக்கில், தெலுக் இந்தான் நகரைத் தாண்டிச் செம்பனைத் தோட்டங்களுக்கு நடுவே செல்லும் சாலையோரம் ஒரு சிறு பட்டணம் இருக்கிறது. அங்குள்ள பழைய கடைவரிசையில், சீனர் மருந்துக்கடைக்கும் மோட்டார் சைக்கிள் பழுதுபார்க்கும் கடைக்கும் இடையே, காலக்கம்மியர் பட்டறை ஒன்று இயங்கி வருகிறது. அதற்குப் பெயர்ப்பலகை கிடையாது. வாசலில் தண்ணீர் நிரப்பிய பித்தளை அண்டாவும் அதில் மிதக்கும் துளையிட்ட சிரட்டையும்தான் அடையாளம். தோட்டத்து மக்கள் அதை நாழிகைக் கடை என்று சொல்கிறார்கள். காலத்தைச் செய்வது, கிழிந்த காலத்தை ஒட்டுவது, ஒட்டிய காலம் மறுபடியும் பிரிந்துவிடாமல் பேணுவது ஆகிய மூன்றும் இவர்களுடைய தொழில். என் தாயாரின் வீட்டுக் கடிகாரத்தை இவர்களிடம் கொடுத்து, வேலை முடிந்து வாங்கி, சில காலம் பயன்படுத்திப் பார்த்த பிறகே இதை எழுதுகிறேன். காலக்கம்மியர்களை மதிப்பிட என்னிடம் ஒரே அளவுகோல்தான் உண்டு. நமக்குக் கொடுக்கும் நிமிடங்களை அவர்கள் எங்கிருந்து எடுத்தார்கள் என்பதைச் சொல்கிறார்களா, இல்லையா என்பதே அது. இந்தக் கடையில் சொல்கிறார்கள், எழுதியும் கொடுக்கிறார்கள்.

நான் கொண்டுசென்றது எட்டு நாளுக்கு ஒருமுறை சாவி கொடுக்க வேண்டிய ஊசல் கடிகாரம். ஒரு காலத்தில் தோட்ட அலுவலகச் சுவரில் தொங்கி, வேலையாட்களின் வருகைக் கணக்கெடுப்பான விடியற்காலைப் பெரட்டுக்கு மணியடிக்க அளவாக இருந்தது அதுதான். 1982-ஆம் ஆண்டு, கடிகாரங்களை அரை மணி முன்னே தள்ளிய புதிய நேரம் நடைமுறைக்கு வந்தபோது அலுவலகத்துக்குப் புதிய கடிகாரம் வாங்கினார்கள்; கழித்துப் போட்ட பழையதைத் தலைமை எழுத்தரான பெரிய கிராணி என் தாயாரிடம் கொடுத்தார். அப்போது பால்மரம் வெட்டும், அதாவது ரப்பர் மரப் பட்டையைச் சீவிப் பாலெடுக்கும், வேலையில் இருந்த தாயார் அதைப் பழைய நேரத்திலேயே ஓடவிட்டார். தோட்டத்து வரிசைவீடுகளான லயத்தை இடித்து, எல்லாரும் மலிவு விலை வீடுகளுக்குக் குடிபோனபோதும் கடிகாரம் கூடவே வந்தது, முள்ளை மட்டும் யாரும் தொடவில்லை. இதனால் அடுப்படியில் ஒரு நேரமும் கூடத்தில் அதற்கு அரை மணி பிந்திய இன்னொரு நேரமும் நிலைத்துவிட்டன. அடுப்படியில் ஆவி பறக்க ஊற்றிய தேநீர் நிலைப்படியைத் தாண்டிக் கூடத்துக்கு வருவதற்குள் ஆறிப்போயிருக்கும். கூடத்தில் உட்கார்ந்து புறப்படுகிறவர்கள் எவ்வளவு முன்கூட்டி ஆயத்தமானாலும் பேருந்தைப் பிடித்ததில்லை. இது சோம்பல் அல்ல, காலக்கிழிசல்தான் என்று பக்கத்து வீட்டார் சொன்ன பிறகே கடையைத் தேடிப் போனோம்.

கடையில் இருப்பவர்கள் தந்தையும் மகளும். பெரியவர் கடிகாரத்தைக் காதருகே வைத்துக் கேட்டுவிட்டு, முதலில் எங்கள் வீட்டுச் சுவரைப் பார்க்க வேண்டும் என்றார். வீட்டுக்கு வந்து, ஆணியைப் பிடுங்கி, நூல்குண்டு கட்டிப் பார்த்து வேறோர் இடத்தில் அடித்தார். ஊசல் கடிகாரத்தின் பெட்டி ஒருபக்கம் சாய்ந்து தொங்கினால் டிக் ஒலிக்கும் டக் ஒலிக்கும் இடையிலான இடைவெளி சமமாக இராது. நாளடைவில் அது நின்றுவிடும். எங்கள் கடிகாரம் அடிக்கடி நின்றதற்குக் காரணம் அவ்வளவுதான். இதில் மந்திரம் எதுவும் இல்லை என்பதால் இதற்குக் கூலி வாங்க மறுத்துவிட்டார். வெளியிலிருந்து எட்டு மாடிபோலத் தோன்றி, உள்ளே மூன்றே மாடிகளைக் கொண்ட, 1885-இல் கட்டப்பட்ட தெலுக் இந்தான் சாய்ந்த மணிக்கூண்டை அடிக்கடி பார்த்து வளர்ந்தவர்களுக்குச் சாய்வைப் பற்றித் தனி அக்கறை இருக்கும்போலும். மந்திரம் தேவையில்லாத இடத்தில் மந்திரம் செய்து காசு பார்க்கும் கம்மியர்களும் இருக்கிறார்கள் என்பதால் இதைக் குறிப்பிட்டுச் சொல்கிறேன்.

நிமிர்த்தி மாட்டிய பிறகும் கடிகாரம் அரை மணி பிந்தியே ஓடியது. அப்போதுதான் பெரியவர் என் தாயாரிடம், "தங்கச்சி, கடிகாரத்துல கோளாறே இல்ல. அரை மணி நேரத்தை வெட்டி எடுத்தவங்க தையல் போடாம விட்டுட்டாங்க" என்றார். என் தாயாருக்கு அந்தச் சொல் பிடித்துப்போயிற்று. "நானும் அதைத்தானே அண்ணே இத்தனை வருசமா சொல்லிக்கிட்டு இருக்கேன்" என்று என்னைத் திரும்பிப் பார்த்தார்.

இந்தக் கடையின் தரத்தை அறிய விரும்புகிறவர்கள் அவர்களுடைய கணக்குப் புத்தகத்தைக் கேட்டுப் பார்க்க வேண்டும். சிவப்புத் துணி அட்டை போட்ட பெரிய புத்தகம் அது. எடுத்தது ஒரு பத்தியிலும் கொடுத்தது மறுபத்தியிலும் எழுதப்பட்டிருக்கிறது. முதற்பக்கத்தில் தனியார் கணக்கு எதுவும் இல்லை. நாட்டுக் கணக்கு இருக்கிறது. 1905 சூன் முதல் நாள், அந்நாளில் ஆங்கிலேயர் ஆட்சியில் இருந்த நீரிணைக் குடியேற்றங்களுக்கும் கூட்டு மலாய் மாநிலங்களுக்கும் கிரீன்விச் நேரத்தைவிட ஏழு மணி முன்னதான பொது நேரம் வகுக்கப்பட்டது. 1933-இல் அது இருபது நிமிடம் முன்னே தள்ளப்பட்டது. 1941 செப்டம்பரில் மேலும் பத்து நிமிடம். 1942 பிப்ரவரியில் ஜப்பானியர் தோக்கியோ நேரத்தைக் கொண்டுவந்து ஒன்றரை மணி நேரத்தை ஒரேயடியாக எடுத்தார்கள். 1945 செப்டம்பரில் அந்த ஒன்றரை மணி நேரம் திரும்பி வந்தது. கொடுத்தது என்ற பத்தியில் இருக்கும் ஒரே வரி அதுதான். கடைசியாக 1981 டிசம்பர் 31 இரவு, சபா, சரவாக் மாநிலங்களோடு ஒரே நேரத்தில் இருக்க வேண்டும் என்பதற்காகத் தீபகற்பத்தின் கடிகாரங்கள் பதினொன்றரையிலிருந்து நேராக நள்ளிரவுக்குத் தாவின. இருபதும் பத்தும் முப்பதும் சேர்ந்து அறுபது நிமிடம். நாழிகைக்கு இருபத்து நான்கு நிமிடம் என்ற கணக்கில், இந்த மண்ணுக்கு இரண்டரை நாழிகை பாக்கி என்று அடியில் மையால் எழுதி வைத்திருக்கிறார்கள்.

முள்ளைத் தள்ளிவைத்தால் நேரம் எங்கே தொலைந்துவிடும், எண்தானே மாறுகிறது என்று கேட்பவர்கள் உண்டு. அந்தக் கேள்வி நியாயமானது. அலுவலகத்தில் எட்டு மணிக்கு விசிறியைச் சுழலவிட்டு உட்கார்ந்தவர்களைப் பொறுத்தவரை பெரிதாக எதுவும் தொலையவில்லை என்றே நானும் நினைக்கிறேன். ஆனால் பால்மரம் வெட்டுகிறவர்களின் கணக்கு வேறு. சூரியன் ஏறி இலைகள் நீரை ஆவியாக்கத் தொடங்குவதற்கு முன்னர்தான் பட்டையிலுள்ள பால்குழாய்களில் அழுத்தம் மிகுந்திருக்கும். அந்நேரத்தில் வெட்டினால்தான் பால் நன்றாக ஓடும். ஆகவே பெரட்டு எப்போதுமே இருட்டில்தான். எங்கள் தோட்டத்தில் புதிய நேரம் வந்த பிறகும் பெரட்டு மணி அதே எண்ணில் அடித்தது; சூரியனோ எண்ணைப் பார்த்து எழுவதில்லை. தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு போகிறவர்கள் அரை மணி நேரம் கூடுதல் இருட்டுக்குள் போனார்கள். குழந்தையை ஆயாக் கொட்டகையில் விட்டுவிட்டு ஓட வேண்டிய பெண்களுக்கு அந்த அரை மணி தூக்கத்திலிருந்துதான் வெட்டப்பட்டது. இதைப் புத்தகத்தில் எழுதி வைத்திருக்கும் கம்மியர்கள் எனக்குத் தெரிந்து இவர்கள் மட்டுமே.

ஒப்பீட்டுக்காக ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். தலைநகர்ப் பேரங்காடி ஒன்றில், கண்ணாடிக் குப்பியில் அடைத்த ஆயத்த மணிநேரம் விற்கும் கடையில் என் தங்கை ஒருமுறை வாங்கினாள். விலை மலிவு, உறை அழகு, கையில் எடுத்த உடனே பயன்படுத்தலாம். அந்த ஒரு மணி நேரம் எங்கிருந்து வந்தது என்று கேட்டதற்கு, அது நிறுவன ரகசியம் என்றார்கள். சனிக்கிழமை செலவழித்த அந்த நேரம் அவளுடைய ஞாயிற்றுக்கிழமைப் பிற்பகலிலிருந்தே எடுக்கப்பட்டிருந்தது. பணமும் கொடுத்து, சொந்தப் பிற்பகலையும் கொடுத்து வாங்கும் பொருளுக்கு வணிகம் என்று பெயர் சூட்ட எனக்கு மனம் வரவில்லை.

இங்கே அப்படியில்லை. தூங்குகிறவர்களிடமிருந்தும், குழந்தைகளிடமிருந்தும், மருத்துவமனைக் கட்டிலில் இருப்பவர்களிடமிருந்தும் ஒரு விநாழிகைகூட எடுப்பதில்லை என்பது இவர்களுடைய தொழில்முறை. வேறு எங்கிருந்துதான் எடுப்பது என்பதில் மகள் கெட்டிக்காரி. எங்களுக்கு மூன்று வழிகளைச் சொன்னார். கோப்பிக்கடையில் பொழுதைக் கழிக்கும் ஓய்வுபெற்றவர்கள் மனமுவந்து ஒப்படைத்த நிமிடங்கள் கையிருப்பில் இருந்தன. ஆனால் அவற்றில் அரசியல் பேச்சின் வாடை போகாது என்று அவரே எச்சரித்தார். என் காத்திருப்பு நேரங்களைச் சேர்த்துத் தரலாம் என்பது இரண்டாவது. அதற்கு மாதக்கணக்கில் ஆகும். மூன்றாவது, தாப்பா ரோட்டிலிருந்து தெலுக் இந்தானுக்கு முன்பு ஓடிய கிளை ரயிலின் காத்திருப்பு நேரம். அந்தப் பாதை மூடப்பட்டு வெகுகாலமாயிற்று. வராத ரயிலுக்காக அட்டவணையில் ஒதுக்கப்பட்டு, எவராலும் செலவிடப்படாமல், எவருக்கும் சொந்தமில்லாமல் கிடக்கும் நிமிடங்கள் அவை. நாங்கள் அதையே தேர்ந்தெடுத்தோம். இலேசாகக் கரிப்புகை வாடை இருந்தாலும் நல்ல கெட்டியான நேரம்.

இனி வேலைப்பாடு. நாழிகை அளக்க இவர்கள் பயன்படுத்துவது வாசலில் மிதக்கும் அந்தச் சிரட்டைதான். துளை வழியாக நீர் ஏறி, சரியாக ஒரு நாழிகையில் அது மூழ்க வேண்டும். நம் முன்னோரின் நாழிகை வட்டிலும் இதே முறையில் அமைந்ததே. துளையைச் சாமணத்தாலும் மெழுகாலும் திருத்தித் திருத்திச் சரிசெய்ய ஒரு பருவகாலமே ஆகும் என்றார் பெரியவர். அளந்த நேரத்தைக் கடிகாரத்தின் கிழிசலில் வைத்து ஒட்டுவதற்குப் பசை வேண்டும். அந்தப் பசை ரப்பர் பால். அதுவும் விடியலுக்கு முன் வெட்டிய பாலாக இருக்க வேண்டும். வெயில் ஏறிய பிறகு எடுத்த பாலில் ஒட்டினால் நேரம் பிற்பகலில் பிரிந்துவிடுகிறதாம். இந்தப் பக்கம் முழுவதும் செம்பனையாகிவிட்டதால் தாப்பா, பீடோர் பக்கத்துச் சிறுதோட்டக்காரர்களிடமிருந்து வாங்கி வருகிறார்கள். வழியில் உறைந்துவிடாதிருக்க அமோனியா சேர்ப்பதும், கடைசியில் இறுகுவதற்குப் பார்மிக் அமிலம் சேர்ப்பதும், ஆலையில் பாலைப் பக்குவப்படுத்துவதில் கையாளும் வழக்கமான முறைகள்தாம். இங்கே பாலோடு சேர்ந்து உறைவது அரை மணி நேரம் என்பது மட்டுமே வேறுபாடு. 1877-இல் நடப்பட்டு இன்றும் குவாலா கங்சாரில் நிற்கும் பழைய ரப்பர் மரத்தின் பாலில் ஒட்டித் தரும்படி ஒருவர் பெருந்தொகை கொடுக்க முன்வந்தாராம். கிழட்டு மரத்தின் பட்டையில் கத்தி வைக்க மாட்டோம், பழமை என்பதற்காகப் பசை கூடுதலாக ஒட்டிவிடாது என்று சொல்லித் திருப்பி அனுப்பிவிட்டதாக மகள் சொன்னார்.

ஒட்டு வேலையை நேரில் பார்க்க அனுமதித்தார்கள். வில்சுருளைக் கழற்றி விளக்கொளியில் பிரித்தபோது, ஓரிடத்தில் மயிரிழையளவு இடைவெளி தெரிந்தது. பெரியவர் அதன் இரு முனைகளிலும் பாலைத் தடவி, சிரட்டையிலிருந்து எடுத்த நேரத்தைக் குறட்டால் பிடித்து அமர்த்தினார். அந்தச் சமயத்தில் பட்டறைக்குள் இருந்த எவருக்கும் பேச்சு வரவில்லை. பேசத் தொடங்கிய சொல்லின் பின்பாதி சற்றுப் பொறுத்தே வாயிலிருந்து வந்தது. கை நடுக்கம் உள்ள வயதில் இத்தனை நுணுக்கமாக வேலை செய்கிறவரைப் பார்ப்பது அரிது.

பலன் எப்படி என்றால், கூடமும் அடுப்படியும் இப்போது ஒரே நேரத்தில் இருக்கின்றன. தேநீர் சூடாகவே வந்து சேர்கிறது. கடிகாரம் கைப்பேசியோடு ஒத்துப்போகிறது. இவை ஒருபுறம் இருக்க, ஒட்டு வேலையில் மீட்கப்பட்ட ஒன்றேகால் நாழிகை என் தாயாரின் பெயரில் வரவு வைக்கப்பட்டது. அவர் அதை எப்போது வேண்டுமானாலும் செலவிடலாம். ஒரு விடியற்காலையில் எழுந்து, எங்கும் ஓட வேண்டிய அவசியமில்லாத அந்த நேரத்தில், நிதானமாகத் தலைவாரி, கோப்பி குடித்து, மிச்சமிருந்த கால் மணி நேரத்தை வீட்டுக் கூரையில் ஒழுகும் இடத்தை நான் இன்னும் அடைக்கவில்லை என்று என்னைக் கடிந்துகொள்ளச் செலவிட்டார். முழுத் திருப்தி என்று சொல்லச் சொன்னார், சொல்லிவிட்டேன்.

இதே கடையில் செய்து தரும் சிறு வேலைகளில் இராகு காலத் திருத்தம் நான் மனமாரப் பரிந்துரைப்பது. தமிழ்நாட்டில் காலை ஆறு மணிக்குச் சூரியன் உதிப்பதாக வைத்து வகுத்த நேரத்தையே இங்கேயும் பலர் கண்ணை மூடிக்கொண்டு பின்பற்றுகிறார்கள். நம் கடிகாரம் கிழக்கே 120 பாகையில் உள்ள நெட்டாங்கின் (தீர்க்கரேகையின்) நேரத்தில் ஓடுகிறது. நாமோ ஏறக்குறைய 101 பாகையில் வசிக்கிறோம். பாகைக்கு நான்கு நிமிட வீதம் பார்த்தால், உச்சிப்பொழுது இங்கே பகல் ஒன்றேகால் மணியை ஒட்டியே வருகிறது. சூரியன் உதிப்பதும் ஏழு மணியை ஒட்டித்தான், சில மாதங்களில் ஏழேகாலையும் தாண்டி. எனவே திங்கட்கிழமை ஏழரை முதல் ஒன்பது வரை என்று ஒதுக்கிவைக்கும் பொழுதில் பெரும்பகுதி குற்றமற்றது. உண்மையான இராகு காலம் எட்டரை மணிக்குப் பிறகே தொடங்குகிறது. நாட்காட்டியைக் கொண்டுபோனால் ஓராண்டுக்குத் திருத்தி, ஓரத்தில் பென்சிலால் குறித்துத் தருகிறார்கள். கூலி ஐந்து வெள்ளி (ரிங்கிட்).

குறைகளும் உண்டு. விலைப்பட்டியல் எங்கும் ஒட்டப்படவில்லை. நாழிகைக்கு 160 வெள்ளி, எங்கள் வேலைக்கு 200 வெள்ளி என்பது கேட்ட பிறகுதான் தெரிந்தது. குறைந்த வருமானமுள்ள தோட்டத்து முதியவர்கள் தவணையில் கொடுக்கலாம் என்ற சலுகை இருந்தும் அதை யாருக்கும் சொல்வதில்லை. பெரியவர் விளக்கம் கேட்டால் முகம் சுளிப்பார். மகளிடம் கேட்பது மேல். கைப்பேசியில் பணம் செலுத்தும் வசதி அண்மையில்தான் வந்திருக்கிறது, அதையும் பெரியவர் நம்புவதில்லை. காலத்தைக் கையாளுகிறவர்கள் என்பதால் சொன்ன தேதியில் வேலையை முடிப்பார்கள் என்று எதிர்பார்த்துப் போகிறவர்கள் ஏமாந்துபோவார்கள். பால் வரவில்லை, மழை பெய்து மரம் வெட்டவில்லை என்று தள்ளிப்போய்க்கொண்டே இருந்தது. ஒட்டிய முதல் சில வாரங்களுக்குக் கூடத்தில் ரப்பர் ஷீட் காயவைத்த வாடை அடித்தது. என் தாயாருக்கு அது பழகிய வாடை, எனக்குத் தலைவலி.

முன்னோர் கணக்கைத் தீர்க்கலாம் என்று போகிறவர்கள் தாள்களோடு போக வேண்டும். 1933-இல் போன இருபது நிமிடம் தன் ஆத்தாவுக்குச் சேர வேண்டியது, அதை வாங்கித் தா என்று என் தாயார் கேட்டபோது, ஆத்தாவின் பெயர் உள்ள செக்ரோல் (தோட்டத்து ஆள் பதிவேடு) நகலும் உறவுக்கான சான்றும் வேண்டும் என்றார்கள். தோட்ட அலுவலகங்கள் கைமாறிய நாட்டில் இது எளிதல்ல என்றாலும், கேட்டவருக்கெல்லாம் கொடுக்கத் தொடங்கினால் கணக்குப் புத்தகத்துக்கு என்ன மதிப்பு என்ற அவர்களுடைய பதிலை நான் ஏற்றுக்கொள்கிறேன்.

ரசீதைப் பத்திரப்படுத்துங்கள், நேரம் எடுக்கப்பட்ட இடம் அதில்தான் எழுதப்பட்டிருக்கிறது, ஒட்டு பிரிந்தால் அதைக் காட்டித்தான் இலவசமாகச் சரிசெய்துகொள்ள முடியும். வண்டியை மருந்துக்கடைப் பக்கம் நிறுத்தாமல் பின்சந்தில் நிறுத்துங்கள். திங்கள் விடுமுறை. மற்ற நாட்களில் காலை பத்து மணிக்குக் கடை திறக்கும் என்கிறார்கள். தந்தை திறக்கும் நாட்களில் அது பழைய நேரத்துப் பத்து மணி, மகள் திறக்கும் நாட்களில் புதிய நேரத்துப் பத்து மணி என்பதால், யார் சாவி வைத்திருக்கிறார்கள் என்று முதல்நாளே தொலைபேசியில் கேட்டுக்கொண்டு போவது நல்லது.